பிளாக் கோஸ்ட் மீன் பகலெல்லாம் சாய்ந்து கிடக்கிறது, கல் உப்பு போடலாமா?

முத்தியால்பேட்டை மீரா:
வணக்கம். எங்கள் மூன்றடித் தொட்டியில் பிளாக் கோஸ்ட் கத்திமீன் ஒன்று இருக்கிறது, விரல் நீளம்தான். பகல் முழுக்கக் கல்லுக்குப் பின்னால் ஒருக்களித்துக் கிடக்கிறது. விளக்கை அணைத்தால்தான் வெளியே வருகிறது. வாங்கிய கடையில் கேட்டேன். "உடம்பு சரியில்லை, ஒரு கைப்பிடி கல் உப்பு போடுங்க, துணைக்கு இன்னொன்றும் விடுங்க" என்றார்கள். தண்ணீருக்குள் கை விட்டால் ஷாக் அடிக்குமோ என்று என் மகனுக்குப் பயம். வீட்டில் போர்த் தண்ணீர்தான். என்ன செய்யலாம்?

பாகூர் ஏரிக்கரை:
அக்கா, அது ஒருக்களித்துப் படுப்பது வழக்கம்தான். ராத்திரியில் இரை எடுக்கிறதா பாருங்க, எடுத்தால் கவலை வேண்டாம். எனக்கும் ஒரு சந்தேகம் உண்டு: வீராணத்தில் கிடைக்கும் சொட்டைவாளையும் இதே வடிவம்தானே, அதற்கும் கரண்ட் உண்டா?

புலியூர் ஆம்ப்ளிஃபயர்:
மீரா அம்மா, உப்பைப் போடாதீர்கள். அது ஏன் என்று தெரிந்துகொண்டுதான் இந்த மீனை வளர்க்க வேண்டும் என்பது என் எண்ணம்.

திருப்பாதிரிப்புலியூரில் ஆம்ப்ளிஃபயர் பழுது பார்க்கும் கடை வைத்திருக்கிறேன். இந்த மீனை நான் பார்ப்பதைவிடக் கேட்பதுதான் அதிகம். முனை சீவிய இரண்டு ஒயர்களைத் தொட்டியின் இரண்டு ஓரத்திலும் நீரில் விட்டு, பேட்டரியில் ஓடும் சின்ன ஆம்ப்ளிஃபயரில் கொடுப்பேன் (வீட்டு கரண்ட்டில் ஓடுவதைத் தொட்டிப் பக்கமே கொண்டுபோகக் கூடாது). ஸ்பீக்கரில் சுருதிப் பெட்டி போல ஒரே சீராக ஒலி வரும். வினாடிக்கு ஏறக்குறைய 1,000 மின் துடிப்பு, மீன் விடுவது. இரவும் பகலும் ஓயாது, மீன் அசையாமல் கிடக்கும்போதும் நிற்காது. தண்ணீர் சூடானால் சுருதி ஏறும், குளிர்ந்தால் இறங்கும். கத்திரி வெயிலிலும் மார்கழியிலும் கேட்டுப் பார்த்தால் வித்தியாசம் நன்றாகத் தெரியும்.

அந்தத் துடிப்புதான் அதற்குக் கண். அமேசான் ஆற்றுப் பக்கத்து மீன் இது, இருட்டில்தான் நடமாட்டம். வால் பகுதியில் உள்ள உறுப்பு உடம்பைச் சுற்றி மெல்லிய மின்புலத்தை உண்டாக்குகிறது. கல் குறுக்கே வந்தால் புலம் ஒரு மாதிரி வளையும், உயிருள்ள பூச்சி வந்தால் வேறு மாதிரி வளையும். அதைத் தோலில் உள்ள உணரிகள் பிடிக்கின்றன. ஒரு சின்னத் தண்ணீர்ப் பூச்சியை இரண்டு மூன்று சென்டிமீட்டர் தூரத்திலிருந்தே கண்டுகொள்ளும். அடிவயிற்றில் ஓடும் நீளத் துடுப்பை அலையலையாக ஆட்டி, பின்பக்கமாகவும் சரளமாக நீந்தும். இரையைத் தாண்டிப் போய்விட்டால் அப்படியே பின்வாங்கி வந்து பிடிக்கும். எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு அலுப்பதில்லை.

சரி, உப்புக்கு வருகிறேன். உப்பு கூடினால் தண்ணீர் மின்சாரத்தை எளிதாகக் கடத்தும், மீன் உண்டாக்கும் மின்னழுத்தம் குறையும், சுற்றுப்புறம் அதற்கு மங்கிவிடும். நம் கடலோரத்தில் பல இடங்களில் போர்த் தண்ணீரே உவர்ப்பு. முதலில் டிடிஎஸ் மீட்டர் (கரைந்திருக்கும் உப்பின் அளவைக் காட்டும் கருவி) வைத்துப் பாருங்கள். அந்தக் கருவி உள்ளே அளப்பதே மின்கடத்துத் திறனைத்தான். அளவு அதிகமாக இருந்தால் ஆர்ஓ தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கலந்து இறக்குங்கள், ஒரே நாளில் மாற்ற வேண்டாம். செம்பு கலந்த மருந்தும் இதற்கு ஆகாது.

துணையும் வேண்டாம். ஒரு தொட்டியில் இரண்டு விட்டால் இடத்துக்காகக் கடித்துக்கொள்ளும். இதன் உறவான கண்ணாடிக் கத்திமீனில் ஒரு நல்ல குணம் உண்டு: இரண்டின் துடிப்பும் கிட்டத்தட்ட ஒன்றாகிக் குழம்பும்போது, ஒன்று ஏற்றியும் மற்றது இறக்கியும் விலகிக்கொள்ளும். வாட்டனபே, தக்கேடா என்ற இரண்டு ஜப்பானிய ஆய்வாளர்கள் 1963-ல் இதை எழுதினார்கள். ஆனால் துடிப்பு விலகுவதால் இடச் சண்டை தீராது.

தம்பியிடம் சொல்லுங்கள், ஷாக் அடிக்காது. கையில் ஒன்றுமே தெரியாது. ஷாக் அடிப்பது இதே கூட்டத்தைச் சேர்ந்த மின்விலாங்கு. 2019-ல் அதில் 860 வோல்ட் வரை அளந்திருக்கிறார்கள். தொட்டி மோட்டாரில் கரண்ட் லீக்கேஜ் இருந்தால்தான் ஆபத்து, மீனுக்கும் நமக்கும். தொட்டியில் கை விடுமுன் பிளக்கைப் பிடுங்கிவிடுங்கள்.

பாகூர் தம்பி, சொட்டைவாளைக்கு மின் உறுப்பு கிடையாது. வடிவம்தான் ஒற்றுமை, வம்சம் வேறு. பிளாக் கோஸ்டுக்குக் கெளுத்திதான் கிட்டத்துச் சொந்தம்.

முத்தியால்பேட்டை மீரா:
நன்றி சார். மீட்டர் வாங்கிவிடுகிறேன், உப்பு போடவில்லை. பகலில் அது ஒளிந்துகொள்ள என்ன வைக்கலாம்?

புலியூர் ஆம்ப்ளிஃபயர்:
இரண்டு பக்கமும் திறந்த பிவிசி குழாய்த் துண்டு போதும். வெட்டிய முனையை உப்புத்தாளால் தேய்த்துவிடுங்கள், தோல் கிழியக் கூடாது. இது அரை மீட்டர் வரை வளரக்கூடிய மீன். குழாயை அவ்வப்போது பெரிதாக மாற்ற வேண்டியிருக்கும், அப்புறம் தொட்டியையும்.