கீஸ்டோன் கலாட்டாவா, கீட்டன் கணக்கா?

டூரீல்: கீஸ்டோன் என்ற அமெரிக்க ஸ்டுடியோ 1914இல் எடுத்த ஊமை நகைச்சுவைக் குறும்படங்களை வரிசையாகப் பார்த்தேன், பொறுமை போய்விட்டது. ஓடுகிறார்கள், உதைக்கிறார்கள், கடைசியில் யாராவது தண்ணீரில் விழுகிறார்கள். ஊமைப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனின் 'ஒன் வீக்' (1920) பாருங்கள். புதுமணத் தம்பதிக்குப் பெட்டி பெட்டியாக ஒரு வீடு வருகிறது. பொறாமைக்காரன் பெட்டி எண்களை மாற்றிவிடுகிறான். வீடு கோணல்மாணலாக எழும்புகிறது. ஒவ்வொரு சிரிப்புக்கும் ஒரு காரணம் உண்டு. கீஸ்டோனில் காரணம் எங்கே?

மீசைக்காரன்: போலீஸ்காரர் தடுக்கி விழுந்தால் சிரிக்கக் காரணம் வேறு வேண்டுமா? கீஸ்டோனின் 'கிட் ஆட்டோ ரேசஸ் அட் வெனிஸ்' பார்த்தீர்களா? கலிஃபோர்னியாவில் நிஜமாகவே நடந்த சிறுவர் கார் பந்தயம். சாப்ளின் திரும்பத் திரும்பக் கேமரா முன்னால் வந்து நிற்கிறார். அவ்வளவுதான் கதை. சுற்றி நிற்பது நிஜக் கூட்டம். யார் இந்த ஆள் என்று முழிக்கிறது, அப்புறம் சிரிக்கிறது. இதை எந்தக் கணக்கு போட்டு எடுப்பீர்கள்?

ஞாயிறு ஷோ: குறுக்கே வருகிறேன். அன்று கேமராவைக் கையால் சுற்றினார்கள், நொடிக்குச் சுமார் 16 பிரேம். துரத்தல் என்றால் வேண்டுமென்றே இன்னும் மெதுவாகச் சுற்றுவார்கள். அதைப் பின்னாளில் 24 பிரேமில் ஓட்டினால் எறும்புக் கூட்டம் கலைந்த மாதிரிதான் இருக்கும். எந்தப் பிரதி பார்த்தீர்கள்?

டூரீல்: சீரமைத்த பிரதிதான் சார். முகமெல்லாம் தெளிவாகத் தெரிந்தது, சிரிப்புதான் வரவில்லை. 'ஒன் வீக்' முடிவைச் சொல்கிறேன், பார்க்காதவர்கள் தாண்டிப் போங்கள். இழுத்துச் செல்லும் வீடு தண்டவாளத்தில் சிக்குகிறது. ரயில் வருகிறது, பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அப்பாடா என்பதற்குள் எதிர்ப்பக்கத்திலிருந்து இன்னொன்று வந்து நொறுக்குகிறது. நிஜ ரயில், பொம்மை இல்லை.

மீசைக்காரன்: அதற்கு நானும் கைதட்டினேன். ஆனால் 1917இல் கீட்டனைச் சினிமாவுக்குள் கூட்டிவந்தது யார்? ராஸ்கோ ஆர்பக்கிள், கீஸ்டோனில் பேர் வாங்கிய ஆள்!

டூரீல்: கேமராவை அவரிடம் கற்றார், சரி. விழக் கற்றது அப்பாவிடம். சின்ன வயதிலேயே வாட்வில் என்ற பல்சுவை நிகழ்ச்சி மேடையில் மகனைத் தூக்கி எறிந்தவர் அவர்.

ஞாயிறு ஷோ: சாப்ளினின் 'ஒன் ஏ.எம்.' (1916) யார் கட்சி? குடித்துவிட்டு வீடு திரும்பும் ஒரே ஆள், மாடிப்படி, மடக்குக் கட்டில். துரத்தலும் இல்லை, கதையும் இல்லை.

டூரீல்: என் கட்சிதான். காரணம் இருக்கிறதே, போதை!

மீசைக்காரன்: போதை காரணமென்றால் பின்னால் போலீஸ் வருவதும் காரணம்தானே ஐயா?