தாய் இல்லாமல் கிடக்கும் யானை சீல் குட்டிகள்: பிழைக்குமா?

மணல்மேடு:
மார்ச் நடுவில் கலிஃபோர்னியாவில் சான் சிமியோன் பக்கம் பியெட்ராஸ் பிளாங்காஸ் கடற்கரைக்குப் போயிருந்தேன். கரை முழுக்கக் கொழுகொழுவென்று யானை சீல் (கடலில் வாழும் பெரிய பாலூட்டி) குட்டிகள், பெரியது ஒன்றைக்கூடக் காணோம். ஒரு குட்டி துடுப்பால் மணலை வாரி முதுகில் போட்டுக்கொண்டே கண்ணில் நீர் வழியப் படுத்திருந்தது. தீனி கொடுக்க யாருமில்லை. இதற்கு யாராவது ஏதாவது செய்ய வேண்டாமா?

நெய்தல்வாசி:
வேண்டாம், கிட்டேயே போகாதீர்கள், சட்டப்படியும் குற்றம். தாய் விட்டுவிட்டுப் போவதுதான் இவற்றின் வழக்கம். ஜனவரி வாக்கில் கரையேறி ஒரு வாரத்துக்குள் ஈனும், அப்புறம் சுமார் 28 நாள் பால். அந்த நாள் முழுக்கத் தாய் ஒரு மீன்கூடத் தின்னாது, தன் உடம்புக் கொழுப்பைக் கரைத்தே பாலாக்கும், கடைசி நாட்களில் அந்தப் பாலில் பாதிக்கு மேல் கொழுப்புதான். 35 கிலோவில் பிறந்தது 130 கிலோ தாண்டியதும் தாய் இணைசேர்ந்துவிட்டுக் கடலுக்குப் போய்விடும், திரும்பி வராது. குட்டி சேர்த்து வைத்த கொழுப்பை வைத்தே இரண்டு மாதத்துக்கு மேல் ஓட்டும். ஓரத் தண்ணீரில் தானே நீந்தப் பழகும், சொல்லித்தர ஆளில்லை. கண்ணீர் அழுகை இல்லை, கண்ணில் வரும் நீரை மூக்குக்குள் இறக்கும் குழாய் இவற்றுக்குக் கிடையாது, அதனால் வெளியே வழிகிறது.

பால்திருடன்:
சில கில்லாடிக் குட்டிகள் தன் தாயிடம் குடித்தது போதாமல் இன்னொரு தாயிடமும் குடித்துவிட்டு நகரவே முடியாமல் கிடக்கும் :)
ஆனால் பிழைக்குமா என்று கேட்டால், உண்மையைச் சொல்லிவிடுகிறேன், ஏறக்குறைய பாதி முதல் வருடத்தைத் தாண்டாது. சுறா, ஓர்க்கா (கொலைகாரத் திமிங்கலம்), பட்டினி.

மணல்மேடு:
அடப்பாவமே. சரி, தாய்கள் கடலில் என்ன செய்கின்றன, ஓய்வா?

நெய்தல்வாசி:
ஓய்வா! பெரும்பாலும் 400 முதல் 800 மீட்டர் ஆழத்துக்கு முங்கி 20 நிமிடம் இரை தேடும், மேலே வந்து இரண்டு மூன்று நிமிடம் மூச்சு வாங்கும், மறுபடி முங்கும், ராப்பகலாக இதே வேலை. தலையில் கருவி பொருத்தி மூளை அலைகளைப் பதிவு செய்த ஆய்வு 2023-ல் வெளிவந்தது: கடலில் இருக்கும்போது நாளைக்கு மொத்தமே இரண்டு மணி நேரத் தூக்கம், அதுவும் முங்கியிருக்கும்போதே பத்துப் பத்து நிமிடமாக, மல்லாந்து சுழன்று இறங்கியபடி. இதற்கிடையில் வயிற்றில் கருவும் காத்திருக்கும், இணைசேர்ந்த உடனே ஒட்டாமல் சில மாதம் கழித்துத்தான் கருப்பையில் ஒட்டி வளரும். அடுத்த ஜனவரியில் கரையில் பிரசவம் நடக்க அப்போதுதான் கணக்குச் சரியாக வரும்.

பால்திருடன்:
நீங்கள் பார்க்காத பெரிய ஆண்கள் ஜூலை, ஆகஸ்டில் தோல் உரிக்கக் கரைக்கு வரும். முடி மட்டும் உதிராது, மேல்தோலும் சேர்ந்து துண்டு துண்டாகப் பிய்ந்து மணலில் கிடக்கும். போனால் நாற்றத்துக்குத் தயாராகப் போங்கள்.