அன்னபூரணிக் கப்பல் படமும் ஓடாவிமாரும்

எல்லாருக்கும் வணக்கம்.

போன கிழமை லண்டன் தம்பி எங்கட குழுவில் அன்னபூரணிக் கப்பலின் படத்தைத் திரும்பவும் போட்டிருந்தார். ஒவ்வொரு ஆகஸ்டும் வாற படம்தான். எங்கட வல்வெட்டித்துறையில் கட்டின 89 அடிப் பாய்க்கப்பல், 1937இல் வெளிக்கிட்டு 1938 ஆகஸ்டில் அமெரிக்காவின் குளோஸ்டர் துறைமுகத்தில் போய் நின்ற கதை எல்லாருக்கும் பாடம். ஆனால் ஒன்றை ஒருத்தரும் எழுதேல்லை. அதை வாங்கின அமெரிக்கர் றொபின்சன் தானே பாய்ப்படகில் உலகம் சுற்றினவர், பிறகு மாசச்சூசெட்ஸில் சொந்தமாகக் கப்பல் பட்டறையும் நடத்தினவர். மரத்தைத் தட்டிப் பார்த்து வாங்கத் தெரிந்த மனுசன். அப்படியான ஆளுக்கு, மரக்கப்பல் கட்டுற எங்கட ஓடாவிமாரின் வேலை பிடிச்சிருக்கு!

என்ரை அம்மப்பா எங்கட ஊர் ரேவடிக் கடற்கரையில் அவர்களுக்குக் கையாளாக நின்றவர். வரைபடம் என்று ஒன்றும் இல்லையாம். முதலில் அடியில் நீளத்துக்கு ஓடுற ஏரா மரம் வைப்பினம், அதுக்கு மேல் விலா எலும்பு மாதிரி வங்கு. வங்குக்கு நேர் மரம் சரிவராது. தானாக வளைஞ்ச கிளையைத்தான் வெட்ட வேணும், இல்லாட்டி நார் அறுந்து பலம் போயிடும். அம்மப்பா கோயிலுக்குப் போகேக்கையும் வேப்பமரங்களை அண்ணாந்து பார்த்துக்கொண்டுதான் நடப்பாராம். (மரத்துக்காரர் சண்டைக்கு வந்த கதை வேற மடலில்.) பலகை இடுக்கில் பஞ்சை அடிச்சு இறுக்கி, குங்கிலியத்தை எண்ணெயில் காய்ச்சிப் பூசுறது கலப்பத்து. அடிக்கிற சத்தம் மாறினால்தான் இறுகினது தெரியும் என்பார்.

பர்மா அரிசி ஏத்தின ஓட்டம் நின்றதோட பெரிய கப்பலும் போச்சு. மிஞ்சின மர வள்ளத்துக்குப் பதிலா பைபர் கண்ணாடிப் படகு வந்தது. 2004 சுனாமிக்குப் பிறகு நிவாரணமாக் குடுத்ததும் அதுதான். குறை சொல்லேல்லை. பாரம் குறைவு, கலப்பத்து வேலையும் இல்லை. நானெண்டாலும் அதைத்தான் வாங்குவன்.

லீவுக்கு ஊர் போறவை, பழைய ஓடாவிமார் ஆரும் இருந்தால் ஃபோனில் வீடியோ எடுங்கோ. அன்னபூரணிக் கதை கேக்க வேண்டாம், கை என்ன செய்யுது என்று எடுங்கோ. சொற்களையும் கேளுங்கோ. ஏரா, வங்கு, அணியம் (கப்பலின் முன்பக்கம்), சுக்கான், கலப்பத்து. இதுக்கு மேல் எனக்குப் போகுதில்லை. முன்பக்கம் ஏராவிலிருந்து நிமிர்ந்து வாற மரத்துக்கு எங்கட ஊரில் என்ன பேர் சொல்றவை? ரொறன்ரோ மாமாவுக்கும் ஞாபகம் வரேல்லை.

ஊரிக்காட்டுப் பெடியன்