உத்தரவு வாங்கியவர்கள் தேதியைப் பாருங்கள்

சங்க உறவுகள் அனைவருக்கும் வணக்கம்.

பட்டா வழக்கில் உயர் நீதிமன்ற உத்தரவு கையில் இருந்தும் அலுவலகத்தில் கோப்பு நகரவில்லை என்று நம்மில் சிலர் எழுதியிருந்தீர்கள். அதே நிலையில் இருந்து, உத்தரவை நிறைவேற்றாத அதிகாரி மீது நீதிமன்ற அவமதிப்பு மனு போடும் காலத்தைத் தவறவிட்டு ஏமாந்தவன் என்பதால் எழுதுகிறேன்.

என் தந்தையின் நிலத்துக்குப் பட்டா கேட்டுக் கொடுத்த மனு மீது முடிவெடுக்கும்படி அலுவலகத்துக்கு உத்தரவிடக் கோரி, உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டோம். "மனுவைத் தகுதியின் அடிப்படையில் பரிசீலித்து, இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரங்களுக்குள் முடிவெடுக்க வேண்டும்" என்று உத்தரவு வந்தது. அதன்பின் அலுவலகத்தில் கேட்டதெல்லாம் தவணைதான். அதிகாரி மாற்றலாகிவிட்டார், நில அளவர் விடுப்பில் இருக்கிறார், மேல்முறையீட்டுக்கு எழுதியிருக்கிறோம் என்று ஒவ்வொரு முறையும் ஒரு காரணம். விடுமுறைக்குப் போகும்போதெல்லாம் நேரில் நின்றேன், நம்பித் திரும்பினேன். கடைசியில் வழக்கறிஞர் கோப்பைப் பிரித்து, உத்தரவின் நகலை அலுவலகம் பெற்றுக்கொண்டதைக் காட்டும் ஒப்புகை அட்டையின் முத்திரைத் தேதியிலிருந்து நாட்காட்டியில் விரல் வைத்து எண்ணினார். 12 வாரக் கெடு முடிந்து 14 மாதங்கள் ஆகியிருந்தன. "காலம் கடந்துவிட்டதே" என்றார். எனக்குப் பேச்சு வரவில்லை.

நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், 1971, பிரிவு 20 சொல்வது இதுதான்: அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஓராண்டு கடந்தால் நடவடிக்கை தொடங்க முடியாது. அந்த ஓராண்டுக்குள் அவமதிப்பு மனுவைத் தாக்கல் செய்துவிட்டால் போதும், விசாரணை பிறகு நடக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2001இல் தெளிவாக்கியது. எங்கள் வழக்கில் 12 வாரம் முடிந்த மறுநாளே அந்தக் கணக்கு தொடங்கிவிட்டது. அலுவலகத்துக்கு நடந்த நடை எதுவும் அதை நிறுத்தவில்லை. நம்மைப் போல் வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு இன்னொரு இடைஞ்சல் உண்டு. அவமதிப்பு மனுவுடன் தரும் பிரமாணப் பத்திரத்தில் தூதரகச் சான்று வாங்கி அனுப்புவதற்குள் வாரங்கள் ஓடிவிடும்.

மேல்முறையீடு செய்திருக்கிறோம் என்ற பதிலுக்கும் மயங்காதீர்கள். தடை உத்தரவு வாங்காத மேல்முறையீடு கெடுவை நீட்டிக்காது. அதேபோல், "பரிசீலித்து முடிவெடுக்க" என்று மட்டும் உத்தரவு இருந்தால், அலுவலகம் பட்டா மனுவை நிராகரித்து ஓர் ஆணை போட்டாலும் அதை நிறைவேற்றியதாகவே ஆகும். அந்த நிராகரிப்பை எதிர்த்துத் தனியாகத்தான் வழக்காட வேண்டும். இதை முன்பே தெரிந்துகொண்டால் மனம் உடையாது.

அவமதிப்புக்குத் தண்டனை ஆறு மாதம் வரை வெறுங்காவல் (கடும் உழைப்பு இல்லாத சிறை), அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். தொகையைப் பார்த்து அலட்சியமாக நினைக்க வேண்டாம். மர ஆலைகள் தொடர்பான உத்தரவை மீறி அனுமதி கொடுத்த மகாராஷ்டிர அமைச்சர் ஸ்வரூப் சிங் நாயக்குக்கும் அவருடைய துறையின் முதன்மைச் செயலருக்கும் உச்ச நீதிமன்றம் 2006இல் ஒரு மாதச் சிறைத் தண்டனை விதித்தது. பல வழக்குகளில் நோட்டீஸ் போனதுமே கோப்பு நகர்ந்துவிடுகிறது. நேரில் ஆஜராக வேண்டும் என்றால் எந்த அதிகாரிக்கும் கலக்கம்தான்.

நான் இப்போது புதிதாக ஒரு ரிட் மனு போட்டிருக்கிறேன். உங்கள் உத்தரவையும், அதன் நகலை அலுவலகம் பெற்றுக்கொண்டதற்கான அத்தாட்சியையும் இன்றே எடுத்துப் பாருங்கள். அத்தாட்சி இல்லையென்றால், சான்றிட்ட நகலுடன் ஒரு கடிதம் எழுதி, ஒப்புகை கிடைக்கும்படி மறுபடி அனுப்புங்கள். அந்தக் கடிதம் எப்படி எழுதுவது என்று தெரியாதவர்கள் எனக்குத் தனி மடல் போடுங்கள். எங்கள் வழக்கறிஞர் எழுதிக்கொடுத்த மாதிரி என்னிடம் இருக்கிறது.