கலைச்சொல் வேண்டும்: நவீன கலை நூதனசாலை (அவசரம்)

அனுப்பியவர்: வெள்ளவத்தை ரீச்சர்

வணக்கம். உயர்தரத்தில் சித்திரப் பாடம் படிக்கும் பிள்ளைகளுக்காகப் பாரிஸ் தேசிய நவீன கலை நூதனசாலையின் வரலாற்றைச் சிறு கைந்நூலாக எழுதியிருக்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சகத்துக்குப் போகவேண்டும். தலைப்பைப் பார்த்த ஒரு பிள்ளை, "நவீனமும் புதுசு, நூதனமும் புதுசு. புதுக்கலைப் புதுச்சாலையா மிஸ்?" என்று கேட்டுவிட்டது. வேறு சொல் உண்டா?

அனுப்பியவர்: கொட்டாஞ்சேனை மொழிபெயர்ப்பாளர்

பிள்ளை கெட்டிக்காரி. ஆனால் புதுமைக்கு அதிசயம் என்றும் பொருள் உண்டே. கொச்சிக்கடை அந்தோனியார் 'புதுமை' செய்தார் என்றுதானே சொல்கிறோம். நூதனசாலைக்குச் சிங்களத்தில் கௌதுகாகாரய, கௌதுகமும் வியப்புத்தான். 1877இல் கொழும்பில் நூதனசாலை திறந்தபோது அந்தப் பொருளில் வந்திருக்கலாம் என்பது என் ஊகம். அருங்காட்சியகம் என்று போட்டாலும் பிள்ளைகளுக்கு விளங்கும்.

அனுப்பியவர்: தெஹிவளை ஐயா

ஊகத்தை விடுங்கள். பரிபாடல் 19இல் பரங்குன்றத்து 'எழுத்துநிலை மண்டபம்' வருகிறது. இவள் அகலிகை, இவன் கவுதமன் என்று சனம் படங்களைக் காட்டிக் காட்டிப் பேசுகிறது. எழுதுதல் என்றால் வரைதல். மண்டபம் வடசொல், அதைத் தள்ளிவிட்டு 'எழுதுமாடம்' என்போம். சித்திரமாடத்துத் துஞ்சிய (அங்கே இறந்த) பாண்டியன் நன்மாறனின் மாடமும் இருக்கிறது, ஆனால் சித்திரமும் வடசொல்லாயிற்றே.

அனுப்பியவர்: வெள்ளவத்தை ரீச்சர்

ஐயா, கோபிக்க வேண்டாம். எழுதுமாடம் என்றால் பிள்ளைகள் பரீட்சை மண்டபம் என்று நினைப்பார்கள். அதோடு அங்கே இருப்பது ஓவியம் மட்டுமா? சிற்பி பிராங்கூசி தன் வேலைக்கூடத்தையே அப்படியே பிரெஞ்சு அரசுக்கு எழுதிவைத்துவிட்டு 1957இல் இறந்தார். நூதனசாலை பின்னர் மாறிப்போன பொம்பிடு நிலையத்துக்கு முன்னால் அதைத் திரும்பக் கட்டி வைத்தார்கள். உளியையும் கல்லையும் எந்த எழுத்தில் சேர்ப்பது?

அனுப்பியவர்: கொட்டாஞ்சேனை மொழிபெயர்ப்பாளர்

நன்மாறன் மாடத்திலேயே துஞ்சியது பாரிஸில் சரிவராது! இந்த நூதனசாலைக்கு முன்னோடி, 1818இல் லக்சம்பூர் அரண்மனையில் உயிரோடிருக்கும் கலைஞருக்கென்று திறந்தது. கலைஞர் இறந்து சில வருடம் போனால், தேர்ந்த படைப்புகள் லூவர் நூதனசாலைக்கு. சென்னையில் முன்பு நூதனசாலையைச் 'செத்த காலேஜ்' என்றும் மிருகக்காட்சிச்சாலையை 'உயிர் காலேஜ்' என்றும் சொல்வார்களாம். அந்தக் கணக்கில் லக்சம்பூர்தான் உயிர் காலேஜ்.

அனுப்பியவர்: தெஹிவளை ஐயா

காலேஜைக் கலைச்சொல் ஆக்கிவிடாதீர்கள். 'வாழ்கலைஞர் மாடம்' என்றால் என்ன?

அனுப்பியவர்: வெள்ளவத்தை ரீச்சர்

1818க்குப் பொருந்தும், உள்ளே ஒரு பந்தியில் போடுகிறேன். ஆனால் 1947இல், 1937 பாரிஸ் உலகக் கண்காட்சிக்குக் கட்டிய பலே த தோக்கியோ கட்டடத்தில், ஜான் காசு பொறுப்பில் திறந்தபோது பெயரில் 'நவீன' வந்துவிட்டது. இரண்டாம் உலகப் போரில் நாசிகளோடு ஒத்துழைத்த விஷி அரசு பதவி நீக்கிய அதே ஜான் காசுதான். 1977இல் பொம்பிடுவுக்கு மாறியபோதும் அதே பெயர். ஓவியர் மத்தீஸ் இறந்து எழுபது வருடம் கடந்தும் அங்கே நவீனம்தான். நாம் மட்டும் ஏன் மாற்றவேண்டும்?

அனுப்பியவர்: கொட்டாஞ்சேனை மொழிபெயர்ப்பாளர்

சரி, நூதனசாலையே இருக்கட்டும். பஸ்ஸில் கேட்டாலும் இறக்கிவிடுவார்கள்.

அனுப்பியவர்: தெஹிவளை ஐயா

அச்சடியுங்கள். மாடத்தை நான் விடமாட்டேன். அப்புறம், 'கைந்நூல்' என்பதில் அந்த 'ந்' எப்படி வந்தது?