கொரோனா நெகட்டிவ் சர்ட்டிபிகேட்டோடு வந்த தாய்மாமன் பொய் சொன்னாரா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

குழித்துறைக்காரன்:
இத்தனை வருஷமாக எங்கள் வீட்டில் தீராத ஒரு சண்டை. 2021 ஓணத்துக்கு அம்மாவின் தம்பி திருவனந்தபுரத்திலிருந்து வந்தார். அந்த ஆகஸ்ட் 5-ஆம் தேதியிலிருந்து கேரளாவில் இருந்து தமிழ்நாட்டுக்குள் வர இரண்டு டோஸ் தடுப்பூசி போட்டு 14 நாள் ஆகியிருக்க வேண்டும், இல்லையென்றால் 72 மணி நேரத்துக்குள் எடுத்த ஆர்டிபிசிஆர் (லேபில் பார்க்கும் கொரோனா டெஸ்ட்) நெகட்டிவ் வேண்டும் என்று இருந்ததே, மாமா ஒரு டோஸ்தான் போட்டிருந்தார், அதனால் புதன்கிழமை காலையில் டெஸ்ட் எடுத்து வெள்ளிக்கிழமை களியக்காவிளை செக்போஸ்டில் பேப்பரைக் காட்டி வந்தார். சனிக்கிழமை திருவோணம். வெளியே மழை, ஜன்னலெல்லாம் அடைத்திருந்தோம். பாட்டா (தாத்தா) கட்டிலில், மாமா ஆறடி தள்ளி நாற்காலியில், மாஸ்க் இல்லாமல் சாயங்காலம் வரை பேச்சு. ஞாயிறு ராத்திரி மாமாவுக்குக் காய்ச்சல், செவ்வாய் பாசிட்டிவ்.

வியாழக்கிழமை பாட்டாவுக்கு இருமல். நான்தான் மெடிக்கல் ஷாப்பில் வீட்டிலேயே பார்க்கும் கிட் வாங்கி வந்து மூக்கில் குச்சி விட்டு எடுத்தேன். அடுக்களை மேசையைச் சுற்றி எல்லாரும் நின்று பார்த்தோம். சி பக்கத்தில் மட்டும் ஒரு கோடு, அப்படியென்றால் நெகட்டிவ். அம்மா சந்தோஷத்தில் அழுதே விட்டாள். சாதாரணச் சளிதான் என்று கஷாயம் கொடுத்துக்கொண்டிருந்தோம். ஐந்தாம் நாள் ஆசாரிப்பள்ளம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகும்போது ஆக்சிஜன் 84. பாட்டா திரும்பி வரவில்லை.

அடுத்த மாசம் தங்கச்சி கல்யாணம். காசு கொடுத்து நெகட்டிவ் வாங்கி வந்தவனை அழைக்க மாட்டேன் என்கிறாள் அம்மா. மாமா சத்தியம் செய்கிறார். யார் சொல்வது நிஜம்?

தக்கலை லேப்:
தம்பி, அந்த இரண்டு வருஷமும் நான் லேபில்தான் இருந்தேன். உங்க மாமா பொய் சொல்லியிருக்க வேண்டிய தேவையே இல்லை. ஞாயிறு காய்ச்சல் என்றால் அதற்கு ஐந்தாறு நாள் முன்னால், திங்கள் செவ்வாய் வாக்கில் தொற்றியிருக்கும். தொற்றிய முதல் இரண்டு மூன்று நாளில் எடுத்தால் அநேகமாக நெகட்டிவ்தான் வரும், அப்போது குச்சியில் வருகிற அளவுக்கு வைரஸ் பெருகியிருக்காது. காய்ச்சல் தொடங்கிய அன்றே எடுத்தாலும் நூற்றில் 38 பேருக்குத் தவறும், மூன்று நாள் கழித்து எடுத்தால்கூட 20 பேருக்குத் தவறும் என்று 2020-இல் வந்த ஓர் ஆய்வு கணக்குப் போட்டது. ஆனால் காய்ச்சல் வருவதற்கு ஒன்றிரண்டு நாள் முன்பே அடுத்தவருக்குப் பரவ ஆரம்பித்துவிடும். உங்கள் வீட்டுச் சனிக்கிழமை அதுதான்.

அந்தப் பேப்பரில் இருந்தது புதன்கிழமை காலை நிலவரம். லேப் வாசலில் தினமும் கேட்பார்கள், சார் இது எத்தனை நாள் செல்லும் என்று, ஏதோ லைசென்ஸ் மாதிரி. 72 மணி நேரம் என்பது செக்போஸ்டில் பேப்பர் பார்க்கிறவருக்கான கணக்கு, வைரஸுக்கு அப்படி ஒரு கணக்கும் கிடையாது.

அப்புறம் அந்தக் கிட். அது ஆன்டிஜன் டெஸ்ட், அதாவது வைரஸின் புரதத்தைத் தேடுகிற டெஸ்ட். 2020 ஜூனில் ஐசிஎம்ஆர் (இந்திய மருத்துவ ஆராய்ச்சி கவுன்சில்) முதலில் அனுமதித்த ஆன்டிஜன் கிட்டே, தொற்று உள்ள நூறு பேரில் 50 முதல் 84 பேரைத்தான் பிடித்தது. பாசிட்டிவ் காட்டினால் நம்பலாம். இருமல் காய்ச்சல் இருந்து நெகட்டிவ் காட்டினால் உடனே ஆர்டிபிசிஆர் எடுக்க வேண்டும் என்பதுதான் அப்போது விதி. அதை உங்களுக்கு யாரும் விளக்கிச் சொல்லவில்லை, அதனால் அந்த ஒரு கோட்டை நினைத்து நீங்கள் மனசைப் போட்டு வதைக்காதீர்கள்.

திங்கள்சந்தை அண்ணன்:
மக்கா, அந்த ஆறடியைப் பற்றி நான் சொல்கிறேன். ரேஷன் கடை முன்னால் சுண்ணாம்பில் வட்டம் போட்டவன் நான். வெயிலில் அவரவர் வட்டத்தில் ஒழுங்காக நின்றவர்கள், ஒரு மழை வந்ததும் மொத்தமாகத் தகர ஷெட்டுக்குள் ஏறி நெருக்கியடித்து நின்றார்கள், ஓய்ந்ததும் மறுபடி வட்டத்துக்கு வந்தார்கள். யாரையும் குறை சொல்லவில்லை, எங்களுக்கே அவ்வளவுதான் தெரியும். இருமும்போது தெறிக்கிற துளி சில அடியில் விழுந்துவிடும், அதற்குத்தான் அந்த இடைவெளி. மூச்சிலும் பேச்சிலும் வருகிற நுண்ணிய துளி அப்படி விழாது. அடைத்த அறையில் சாம்பிராணி போட்டுப் பாருங்கள், புகை ஆறடியில் நிற்குமா? காற்றோட்டமில்லாத அறையில் காற்றில் மிதந்தே பரவும் என்று உலக சுகாதார நிறுவனமே 2021 ஏப்ரலில்தான் தெளிவாக எழுதியது. ஜன்னலைத் திறந்து, மாஸ்க் போட்டு, அரை மணி நேரத்தில் எழுந்திருந்தால் ஒருவேளை தப்பியிருக்கலாம். உங்க மாமா தனக்குத் தெரிந்த விதியை மதித்துத்தான் தள்ளி உட்கார்ந்திருக்கிறார்.

குளச்சல் அக்கா:
எனக்கு நேர் எதிராக நடந்தது. 2021 மே மாசம் கொரோனா வந்தது, பத்து நாளில் காய்ச்சல் இருமல் எல்லாம் போய்விட்டது. ஆனால் நெகட்டிவ் வந்தால்தான் அடுக்களைக்குள் வரலாம் என்று மாமியார் சொல்லிவிட்டார். மூன்று தடவை ஆர்டிபிசிஆர் எடுத்தேன், மூன்றும் பாசிட்டிவ். மீன் கொண்டு வருகிற அக்கா ஒரு மாசம் எங்கள் வாசலில் கூடையை இறக்கவில்லை, என் பிள்ளையை யாரும் விளையாடச் சேர்க்கவில்லை. செத்த வைரஸின் துண்டுகளைக்கூட அந்த டெஸ்ட் வாரக்கணக்கில் காட்டும் என்பது பிறகுதான் தெரிந்தது. ஒரு தடவை பாசிட்டிவ் வந்தவருக்கு ஆர்டிபிசிஆர் திரும்ப எடுக்கக் கூடாது என்று அந்த மே 4-ஆம் தேதியே ஐசிஎம்ஆர் சொல்லியிருக்கிறது. எங்கள் தெருவுக்கு அது வந்து சேரவில்லை. சமூக இடைவெளி என்ற பேரும் பொருத்தமில்லை, உடம்புக்குத்தான் இடைவெளி வேண்டியிருந்தது. தம்பி, தாய்மாமனை அழையுங்கள்.

குழித்துறைக்காரன்:
எல்லாருக்கும் நன்றி. ராத்திரி அம்மாவை உட்கார வைத்து முழுசும் வாசித்துக் காட்டினேன். கிட் பற்றி வந்த இடத்தில் என்னால் வாசிக்க முடியவில்லை, தங்கச்சி வாங்கி வாசித்தாள். அம்மா மாமாவைப் பற்றி ஒன்றும் பேசவில்லை. புதன்கிழமை எடுத்ததா அது, புதன்கிழமையா என்று மட்டும் இரண்டு தடவை கேட்டாள். ஞாயிற்றுக்கிழமை அழைப்பிதழோடு நான் திருவனந்தபுரம் போகிறேன். அம்மாவும் வருகிறாளா என்று இன்னும் கேட்கவில்லை.