தராசடியில் தொடங்கிய சண்டை: வழி சொல்லுங்கள்

வணக்கம். இலங்கையில் ஹட்டன் பக்கத் தேயிலைத் தோட்டமொன்றில் நான்கு மாதமாகக் கங்காணியாக, அதாவது தொழிலாளரை மேற்பார்ப்பவனாக, இருக்கிறேன். மழை நாட்களில் பறித்த கொழுந்தை நிறுக்கும்போது ஈரத்துக்கும் சாக்குக்கும் என்று இரண்டு மூன்று கிலோ கழிக்கிறார்கள். அந்தக் கழிவு ஆளுக்கு ஆள் மாறுகிறது. அதனால் என் மலையில் கொழுந்து பறிக்கும் இரண்டு அக்காமார் முகம் பார்ப்பதில்லை. ஒரே லயத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளில், பிறந்து வளர்ந்தவர்கள். இப்போது பிள்ளைகளைக்கூடச் சேர்ந்து விளையாட விடுவதில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

நேற்று கைகலப்பு வரை போய்விட்டது. இருவரையும் வேலையிலிருந்து நிறுத்தப் பார்க்கிறார்கள். தவறு தராசடியில் இருக்க, தண்டனை இவர்களுக்கா?

முதலில் தொழிற்சங்கத் தலைவரிடம் போவதா, 1950ஆம் ஆண்டின் கைத்தொழிற் பிணக்குகள் சட்டப்படி தொழில் திணைக்களத்தில் முறையிடுவதா? கழிவை எல்லோர் முன்னிலையிலும் எழுதிவைக்கும் வழக்கம் உங்கள் தோட்டத்தில் உண்டா? திங்கட்கிழமை விசாரணை. அதற்குள் சொல்லுங்கள்.